1955ஆம் ஆண்டுப் பேக்கார்டு ஃபோர் ஹண்ட்ரட்: ஒரு மதிப்புரை

பழைய அமெரிக்கச் சொகுசுக் கார்களில் ஒன்றை மட்டும் தேர்ந்தெடுக்கச் சொன்னால், தயங்காமல் இந்தக் காரைத்தான் சொல்வேன். இதன் பெருமை 'டார்ஷன் லெவல்' சஸ்பென்ஷனில், அதாவது சாலையின் குலுக்கலைத் தாங்கும் அமைப்பில், இருக்கிறது. வழக்கமான சுருள்வில்லுக்கும் பட்டைவில்லுக்கும் பதிலாக, முன்சக்கரத்தையும் பின்சக்கரத்தையும் இணைக்கும் நீண்ட முறுக்குக் கம்பிகள் இருபுறமும் ஓடுகின்றன. முன்சக்கரம் மேட்டில் ஏறும்போது எழும் விசையைக் கம்பி பின்சக்கரத்துக்குக் கடத்திவிடுவதால், வண்டி தலையைத் தூக்காமல் சமமாகச் செல்கிறது. பின்னிருக்கையில் மூவர் ஏறினால் பின்புறம் தாழ்கிறது. சில விநாடிகள் கழித்து மின்மோட்டார் ஒன்று இயங்கி, வண்டியை மெல்லப் பழைய மட்டத்துக்கு உயர்த்துகிறது. அக்காலத்து அமெரிக்கச் சொகுசுக் கார் வேறெதிலும் இந்த வசதி இல்லை. 260 குதிரைத்திறன் கொண்ட வி8 எஞ்சினும் அந்த ஆண்டுதான் பேக்கார்டுக்கு வந்தது.

இத்தகைய காரைச் செய்த நிறுவனம் அடுத்த ஆண்டே டெட்ராய்டில் உற்பத்தியை நிறுத்தியது என்பதை என்னால் இன்றும் வருத்தமின்றி எழுத முடியவில்லை. ஒஹாயோவின் வாரன் நகரில் 1899இல் முதல் காரைச் செய்து, 1915இல் 12 சிலிண்டர் 'ட்வின் சிக்ஸ்' மூலம் செல்வந்தர்களின் முதல் தேர்வாக உயர்ந்த பெயர் அது. பெருமந்தக் காலத்தில், 1935இல் ஏறத்தாழ 1,000 டாலருக்கு வந்த 'ஒன் ட்வென்டி' நிறுவனத்தைக் காப்பாற்றியது. ஆனால் போருக்குப் பின்னும் நடுத்தர விலைக் கார்களுக்கும் பேக்கார்டு என்ற பெயரையே சூட்டியதுதான் பெருந்தவறு என்பேன், ஏனெனில் உச்சியிலிருந்த இடத்தைப் போட்டிச் சொகுசுக் காரான காடிலாக் எடுத்துக்கொண்டது.

கடைசி அடி பட்டறையில் விழுந்தது. உடற்கூடுகளைச் செய்து தந்த பிரிக்ஸ் நிறுவனத்தை 1953இல் போட்டிக் கார் நிறுவனமான கிரைஸ்லர் வாங்கிவிட்டதால், பேக்கார்டு அந்த வேலையையும் சேர்த்து இடநெருக்கடி மிகுந்த கானர் அவென்யூ ஆலைக்கு மாறியது. 1955ஆம் ஆண்டுக் கார்கள் தாமதமாகவும், கதவும் தகடும் சரியாகப் பொருந்தாமலும் வெளிவந்தன. பேக்கார்டின் விலை குறைந்த வரிசையான கிளிப்பரையும் சேர்த்து அந்த ஆண்டு ஏறத்தாழ 55,000ஆக இருந்த உற்பத்தி, அடுத்த ஆண்டு 29,000க்கும் கீழே சரிந்தது. 1957, 1958இல் பேக்கார்டுடன் இணைந்திருந்த ஸ்டூடிபேக்கர் நிறுவனத்தின் கார் உடலில் பேக்கார்டு பெயர் ஒட்டி வந்தவற்றை நான் கணக்கில் சேர்ப்பதில்லை.

இன்று இந்தக் காரை வாங்க விரும்புபவர், எஞ்சினின் எண்ணெய் அழுத்தத்தையும் தானியங்கி கியரையும் முதலில் சோதிக்க வேண்டும். பிறகு பின்னிருக்கையில் ஆட்களை அமரவைத்து, பின்புறம் தானாக எழுகிறதா என்று பார்த்த பின்னரே விலை பேச வேண்டும்.