காசு கொடுத்து 140 கிலோ தண்ணீர் வாங்கிய கதை: குதிரைக்குக் காய்ந்த புல் வாங்குவோர் கவனத்துக்கு

எடை போட்டு வாங்கினால் ஏமாற மாட்டோம் என்று நினைப்பவர்கள் இதைப் படியுங்கள். எனக்கு எடை கண் முன்னால்தான் போட்டார்கள்.

போன ஆடியில் அந்தியூர் குருநாதசாமி கோயில் சந்தையில் ஒரு கத்தியவார் பெட்டைக்குதிரை வாங்கினேன். அன்றிலிருந்து பார்ப்பவரெல்லாம் "கொள்ளு எவ்வளவு வைக்கறீங்க?" என்றுதான் கேட்கிறார்கள். புல்லைப் பற்றி ஒருவரும் கேட்டதில்லை. கொள்ளு இல்லாமலும் குதிரை இருந்துவிடும், புல் இல்லாமல் இருக்காது.

நாடா வைத்து அளந்தேன். நெஞ்சுச் சுற்றளவு 150 செ.மீ., உடல் நீளம் 158 செ.மீ. சுற்றளவை அதே எண்ணால் பெருக்கி, நீளத்தாலும் பெருக்கி, 11,880ஆல் வகுத்தால் குதிரையின் எடை, ஏறக்குறைய 300 கிலோ. அதில் 2 சதவீதம் என்றால் நாளுக்கு 6 கிலோ காய்ந்த புல், 100 நாளைக்கு 600 கிலோ. குதிரையின் இரைப்பை அதன் உடம்புக்கு ரொம்பச் சிறியது, அமிலமோ ஓயாமல் சுரக்கும். அதனால் காலையில் 1, மதியம் 1, சாயங்காலம் ஒன்றரை, ராத்திரிக்கு இரண்டரை கிலோ என்று பிரித்து வைத்துக்கொண்டேன். கணக்கில் பிசகில்லை.

மார்கழியில் ஒரு வியாபாரி கொழுக்கட்டைப் புல் இருப்பதாகச் சொன்னார். கிலோ 14 ரூபாய். 40 கட்டு வந்தது, ஒவ்வொன்றும் 15 கிலோ நின்றது. மேலே பொன்னிறம், நல்ல வாசம். "கொஞ்சம் கனமா இருக்கே" என்றதற்கு, "மார்கழிப் பனிங்க, ஒரு வெயில்ல சரியாயிருமுங்க" என்றார். 8,400 ரூபாயை எண்ணிக் கொடுத்தேன்.

அதுவரை தின்றுகொண்டிருந்த சோளத்தட்டை அன்றே நிறுத்திவிட்டு முழுக்க இந்தப் புல்லுக்கு மாற்றினேன். இது என் தப்பு. ஒரு வாரம், பத்து நாள் கலந்து கொடுத்து மெல்லத்தான் மாற்றியிருக்க வேண்டும்.

நான்காம் நாள் ராத்திரி குதிரை முன்காலால் தரையைப் பறித்தது, திரும்பித் திரும்பி விலாவைப் பார்த்தது, படுத்துப் புரண்டது. மதியத்திலிருந்து லத்தி போடவில்லை. குதிரைக்கு வாந்தி எடுக்க வராது. உள்ளே போனது குடல் வழியாகத்தான் வெளியே வர வேண்டும். டாக்டர் வந்து வலிக்கு ஊசி போட்டு, மூக்கு வழியாகக் குழாய் விட்டு எண்ணெய் ஏற்றினார். லத்தியைப் பார்த்தபோது விடிந்திருந்தது.

அவர்தான் கட்டைப் பிரிக்கச் சொன்னார். நடுவில் கையை விட்டால் கதகதப்பு. முக்கல் வாடை, வெள்ளைப் பூஞ்சை, உதறினால் தூசி. மேல்சுற்று மட்டும்தான் கொழுக்கட்டைப் புல், உள்ளே பழைய நெல் வைக்கோல். ஒரு கட்டைப் பிரித்துக் காயவைத்து நிறுத்தேன், பதினொன்றரை கிலோ. கட்டுக்கு மூன்றரை கிலோ தண்ணீர் தெளித்திருக்கிறார்கள், எந்தப் பனியும் அவ்வளவு பெய்யாது. 40 கட்டுக்கு 140 கிலோ, அதாவது 1,960 ரூபாய்க்குத் தண்ணீர்.

வியாபாரிக்குப் போன் போட்டேன். "மாடு திங்குதுங்களே, குதிரைக்கு மட்டும் என்னங்க?" என்றார். அடுத்த தடவை எடுக்கவில்லை. பூஞ்சை பிடித்ததை மாட்டுக்கும் போட மனம் வராமல் எல்லாவற்றையும் எருக்குழியில் தள்ளினேன்.

இப்போதெல்லாம் வண்டியின் அடிவரிசையிலிருந்து நானே மூன்று கட்டை உருவி, கயிறறுத்து, நடுவில் கையை விட்டுப் பார்த்த பிறகுதான் மற்றதை இறக்க விடுகிறேன். பிரிக்கக் கூடாது என்று சொன்ன ஒருவரை வண்டியோடு திருப்பி அனுப்பினேன்.

அந்த வியாபாரியின் புல் படம் இந்த வாரமும் வாட்ஸ்அப்பில் சுற்றுகிறது. "குதிரைக்கென்றே காயவைத்தது" என்று போட்டிருக்கிறார்.