குஸ்கோவில் நெசவும் இயற்கைச் சாயமும் கற்கப் போகிறீர்களா? முன்பணம் கட்டும் முன் இதைப் படித்துவிடுங்கள்

போன ஜூனில் பெரு நாட்டின் குஸ்கோவில், ஆறு நாள் 'பாரம்பரிய நெசவும் இயற்கைச் சாயமும்' வகுப்புக்கு 420 டாலர் கட்டி ஏமாந்தேன். இந்த மாதத்தில் மட்டும் இரண்டு பேர் இதே மாதிரி வகுப்பைப் பற்றி என்னிடம் விசாரித்துவிட்டார்கள், அதில் ஒருவர் அன்றைக்கே முன்பணம் அனுப்பத் தயாராக இருந்தார். அதனால்தான் நடந்ததை நடந்தபடி எழுதுகிறேன். கடையின் பெயரைச் சொல்லப்போவதில்லை. இதே வேலையை அங்கே பல இடங்களில் செய்கிறார்கள் என்று பிறகு தெரிந்தது, ஒரு பெயரைத் தவிர்த்துவிட்டு அடுத்த தெருவில் போய் மாட்டிக்கொண்டால் என்ன பயன்? எப்படி ஏமாற்றுகிறார்கள் என்பது தெரிந்தால் போதும்.

குஸ்கோ பிளாசா தெ அர்மாஸ் சதுக்கத்திலிருந்து மேலே ஏறும் சந்துகளில் துணிக்கடைகள் வரிசையாக இருக்கும். அப்படி ஒரு கடை, மாடியில் 'பயிற்சிக்கூடம்'. இணையத்தில் போட்டிருந்த படங்கள் எல்லாம் அருமை: சிவப்பு மேல்சட்டை போட்ட பெண்கள் முற்றத்தில் மண்டியிட்டு நெய்கிறார்கள், பக்கத்தில் மண்பானைகளில் சாயம் கொதிக்கிறது. வாட்ஸ்அப்பில் கேட்டபோது எல்லாவற்றுக்கும் ஆமாம் என்றார்கள். சின்செரோ கிராமத்தில் நெசவாளர் வீட்டில் தங்கலாம், தினமும் ஐந்து மணி நேரம், சாயச் செடிகளை நாமே போய்ப் பறிப்போம், நூல் நாமே நூற்போம், கடைசி நாளில் சொந்தமாக நெய்த ஒரு பட்டையோடு ஊருக்குப் போகலாம். ஜூன் 24 இன்டி ராய்மி திருவிழா என்பதால் கூட்டம் அதிகம், இடம் போய்விடும், முழுப் பணத்தையும் இப்போதே அனுப்புங்கள் என்றார்கள். நானும் ஒரு தனிநபர் பெயருக்கு அனுப்பிவிட்டேன். கார்டில் கட்டியிருந்தால் வங்கியிடமாவது முறையிட்டிருக்கலாம்.

முதல் நாள் வகுப்பே இல்லை. 'அறிமுகச் சுற்று' என்று நாலு கடைகளுக்குக் கூட்டிப்போனார்கள், ஒவ்வொன்றிலும் 'பேபி அல்பாகா' சால்வை, அதாவது அல்பாகா என்ற மலை விலங்கின் மென்மையான முடியில் நெய்தது, வாங்கச் சொன்னார்கள். குஸ்கோ 3,400 மீட்டர் உயரத்தில் இருக்கிறது, வந்து இறங்கிய மறுநாள் எனக்குத் தலைவலியும் மூச்சு வாங்கலும், அந்த நிலையில் மேடு ஏறி இறங்கி மாலைக்குள் துவண்டுவிட்டேன்.

இரண்டாம் நாள் மாடியறையில் நூல் நூற்பு. அங்கே புஷ்கா என்று ஒரு கதிர் இருக்கிறது, நம் தக்ளி மாதிரிதான், கம்பும் அடியில் வட்டும். சொல்லிக்கொடுக்க வந்த பையன் கடையில் விற்பனைக்கு நிற்பவன், அவனுக்கே நூற்க வரவில்லை, இழை அறுந்து அறுந்து விழுந்தது. அரை மணி நேரத்தில் அதை வைத்துவிட்டு, 'இது சும்மா பார்ப்பதற்குத்தான்' என்று கடையில் சுற்றிய நூல் உருண்டைகளை எடுத்துக் கொடுத்தான்.

அந்த நெசவு பழக்கமில்லாதவர்களுக்கு இதில் என்ன பெரிய தப்பு என்று தோன்றலாம். ஆண்டிஸ் மலை நெசவில் கண்ணுக்குத் தெரிவது முழுக்கப் பாவுதான், அதாவது நீளவாக்கில் கட்டும் இழைகள், குறுக்கே ஓடும் ஊடை உள்ளே மறைந்துவிடும். உருவங்கள் எல்லாம் பாவு இழைகளை விரலால் பொறுக்கிப் பொறுக்கி எடுப்பதில் வருகின்றன. அந்த உருவங்களுக்கு அந்த மலை மக்களின் கெச்சுவா மொழியில் பல்லாய் என்று பெயர், பொறுக்குவது என்றே பொருள். இழுவையும் உராய்வும் பாவு மேல்தான், ஒவ்வொரு வரிசைக்கும் இழைகள் ஒன்றையொன்று தேய்த்துக்கொண்டு மேலும் கீழும் போகும். அதனால் இரண்டு இழையை முறுக்கி, அதை மறுபடி இறுக்கமாக முறுக்கி, கையில் பிடித்தால் தானே சுருண்டுகொள்ளும் அளவுக்கு முறுக்கம் ஏற்றியிருக்க வேண்டும். மலையில் பெண் குழந்தைகள் சின்ன வயதிலேயே ஆடு மேய்த்துக்கொண்டே நூற்கப் பழகுவது இதற்காகத்தான். நூற்பைத் தூக்கிப்போட்டால் கல்வியில் பாதி போச்சு.

சரி, கொடுத்த நூலாவது கம்பளியா என்றால் அதுவும் இல்லை. சந்தேகம் வந்து அன்றிரவு விடுதியில் ஒரு துண்டைத் தீக்குச்சியில் காட்டினேன். கம்பளி எரிந்தால் முடி பொசுங்கும் வாடை வரும், சாம்பலை விரலால் நசுக்கினால் பொடியாகும். இது உருகிச் சொட்டிக் கெட்டியான கறுப்பு மணியாக நின்றது. அக்ரிலிக், செயற்கை நூல்.

இங்கே ஒன்றைத் தெளிவாகச் சொல்லிவிடுகிறேன். மலைப் பெண்கள் பலர் தங்கள் சொந்த உடைக்கே பளீரென்ற கடை நூலை விரும்பி வாங்கி நெய்கிறார்கள், அது அவர்கள் ரசனை, அவர்கள் உரிமை. 'உண்மையான' நெசவு இப்படித்தான் இருக்க வேண்டும் என்று வெளியூரிலிருந்து போகும் நாம் அவர்களுக்குச் சொல்ல முடியாது. அக்ரிலிக்கைக் கையில் கொடுத்துவிட்டு இது அல்பாகா, இது கொச்சினீல் என்ற சிவப்புச் சாயப் பூச்சியில் சாயமிட்டது என்று காசு வாங்குகிறார்களே, அதுதான் மோசடி. பூச்சிச் சாயமும் செடிச் சாயமும் அக்ரிலிக்கில் சரியாக ஏறவே ஏறாது என்பதை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள், இந்த ஒரு விஷயமே பல பொய்களை உடைத்துவிடும்.

மூன்றாம் நாள் ஒருவழியாகச் சின்செரோவுக்குக் கூட்டிப்போனார்கள். குஸ்கோவை விட உயரம், சுமார் 3,760 மீட்டர், சமவெளி மாதிரி விரிந்த வயலும் பின்னால் பனிமலையும், ஊரைப் பார்த்ததும் இருந்த கோபமெல்லாம் கொஞ்சம் இறங்கியது. ஆனால் என்னை விட்ட இடம் வீடு இல்லை. சுற்றுலாப் பேருந்துகள் வந்து நிற்கும் முற்றம். அரை மணிக்கு ஒரு கூட்டம் வரும், கோக்கா இலைத் தேநீர் கொடுப்பார்கள், ஒரு பெண் சக்தா என்ற கிழங்கைத் துருவி நுரை கிளப்பி அழுக்குக் கம்பளியை வெள்ளையாக்கிக் காட்டுவார், உலர்ந்த கொச்சினீல் பூச்சியை உள்ளங்கையில் நசுக்கி ரத்தச் சிவப்பைக் காட்டுவார், எலுமிச்சை பிழிந்தால் ஆரஞ்சாகும், உதட்டில் தடவிக் காட்டினால் எல்லாரும் சிரிப்பார்கள், இருபது நிமிடத்தில் முடிந்து கடைப் பக்கம் கூட்டிப்போவார்கள். அந்தக் காட்சியில் பொய் எதுவும் கிடையாது. சப்பாத்திக்கள்ளியில் வாழும் அந்தப் பூச்சியின் சிவப்பு உண்மை, புளிப்பு சேர்த்தால் நிறம் மாறுவதும் உண்மை. ஆனால் அதே காட்சியை மூன்று நாள், ஒரு நாளைக்கு ஆறேழு தடவை, கூட்டத்தோடு கூட்டமாக நின்று நான் பார்த்தேன், அதைத்தான் 'சாய வகுப்பு' என்று எனக்கு விற்றிருந்தார்கள். செடி பறிக்கப் போவது எப்போது என்று கேட்டால் நாளை, நாளை.

நாலாம் நாள் பச்சைச் சாயம் செய்வோம் என்றார்கள். பானையில் சில்க்கா இலை மிதந்தது, மலைச்சரிவில் தானாக வளரும் புதர்ச்செடி அது, பச்சைக்கு அதைப் பயன்படுத்துவது வழக்கம்தான். பத்தே நிமிடத்தில் கம்பளி கிளிப்பச்சையாக வெளியே வந்தது. எனக்கு நம்ப முடியவில்லை, செடிச் சாயம் அவ்வளவு வேகமாக அவ்வளவு பளிச்சென்று வராதே. அடுப்புக்குப் பின்னால் பார்த்தேன், அனிலினாப் பொட்டலம், சந்தையில் சில காசுக்கு விற்கும் செயற்கைச் சாயப் பொடி, கிழித்த வாயோடு கிடந்தது. என்னைக் கூட்டிவந்த ஆளிடம் காட்டினேன். நேரமாகிவிட்டது, கூட்டத்துக்கு நிறம் தெரிய வேண்டும் இல்லையா என்றார்.

அன்று மதியம்தான் அந்த முற்றத்தில் நெய்கிற அம்மாவோடு தனியாகப் பேச வாய்த்தது. அங்கே மூத்த பெண்களை மமித்தா என்று கூப்பிடுவார்கள், நானும் அப்படித்தான் கூப்பிட்டேன். என் அரைகுறை ஸ்பானிஷில் நான் கட்டிய தொகையைச் சொன்னேன். அவர் கையிலிருந்த ருக்கியைக் கீழே வைத்துவிட்டார். லாமா என்ற மலை விலங்கின் எலும்பில் செய்து தேய்த்துத் தேய்த்து வழவழப்பான கருவி அது, ஊடையை அடித்து இறுக்குவதற்கு. "எனக்கு ஒரு நாளைக்கு முப்பத்தைந்து சோல்தான் தருகிறார்கள், நீங்கள் படிக்க வந்தவர் என்றே என்னிடம் யாரும் சொல்லவில்லை, பேருந்தில் வந்தவர் திரும்பிப் போகாமல் உட்கார்ந்திருக்கிறார் என்று நினைத்தேன்" என்றார். சோல் என்பது பெரு நாட்டுப் பணம், 420 டாலர் என்றால் கிட்டத்தட்ட 1,500 சோல். எனக்கு அழுகையே வந்துவிட்டது. என் பணம் போனதை விட, அந்த அம்மாவின் முகத்தையும் விரல்களையும் படமெடுத்துப் போட்டு, அவருக்கே தெரியாமல் அவர் கல்வியை ஒருவர் விற்றுக்கொண்டிருக்கிறார் என்பதை இன்று நினைத்தாலும் ஆறவில்லை.

ஆறாம் நாள் வண்டி வரவில்லை. திருவிழா என்று ஒரு குறுஞ்செய்தி மட்டும் வந்தது.

பணத்தைத் திருப்பிக் கேட்டுக் கடைக்குப் போனேன். பெருவில் கடைகளும் பயண நிறுவனங்களும் 'லிப்ரோ தெ ரெக்லமாசியோனெஸ்' என்ற புகார்ப் புத்தகம் வைத்திருக்க வேண்டும், அது இருப்பதை அறிவிப்பாக மாட்டியிருக்கவும் வேண்டும், வாடிக்கையாளர் கேட்டால் மறுக்கக் கூடாது. இது அந்த நாட்டு நுகர்வோர் சட்டம், 2010-இல் வந்தது. எனக்கு இது அப்போது தெரியாது, விடுதிப் பெண்மணிதான் சொல்லி அனுப்பினார். கேட்டதும் முகம் மாறியது, புத்தகம் முதலாளியிடம் இருக்கிறது, அவர் லிமா போயிருக்கிறார் என்றார்கள். ரசீது கேட்டேன், இல்லை. அங்கே முறையாகத் தொழில் செய்பவர்களுக்கு ரூக் என்று பதினோரு இலக்க வரி எண் இருக்கும், ரசீதில் அது அச்சாகியிருக்கும். இவர்களிடம் காட்ட எதுவுமே இல்லை. இன்டெகோப்பி என்ற நுகர்வோர் அமைப்பின் குஸ்கோ அலுவலகத்துக்கும் போனேன், பொறுமையாகக் கேட்டார்கள், ஆனால் வரி எண்ணும் ரசீதும் இல்லாமல் யார் மேல் புகாரைப் பதிவது என்பதிலேயே பாதி நாள் போனது. வாட்ஸ்அப் உரையாடலை அழிக்காமல் வைத்திருந்ததால் அதையாவது கொடுக்க முடிந்தது.

எனக்குப் பயண நாட்கள் மீதி இருந்தன. சின்செரோவுக்கு நானே கலெக்டிவோ என்கிற பகிர்வு வண்டி பிடித்துப் போனேன், மமித்தாவைத் தேடி, நாலு நாள் சொல்லிக்கொடுக்க முடியுமா, எவ்வளவு வேண்டும் என்று நேராகக் கேட்டேன். நாளைக்கு 80 சோல், சாப்பாடு உட்பட என்றார். 100 கொடுத்தேன். கம்பளியை முறுக்கி நூலாக்கவே முதல் நாள் முழுக்கப் போனது. இரண்டாம் நாள் கோல்யே மரத்தின் பூக்களைப் பானையில் போட்டு மஞ்சள் செய்தோம். அதற்கு முன் கம்பளியைப் படிகாரத் தண்ணீரில் ஊறவைத்துச் சூடாக்கியாக வேண்டும், நம் ஊர் முடிதிருத்தகத்தில் கன்னத்தில் தேய்ப்பார்களே அதே படிகாரம், அது இல்லாவிட்டால் சாயம் நாரில் நிற்காது. அந்த உயரத்தில் தண்ணீர் 87, 88 டிகிரியிலேயே கொதித்துவிடுகிறது, அதனால் அடுப்பருகே காத்திருந்து கிளறிக்கொண்டே இருக்க வேண்டியிருந்தது. ஒரே ஒரு நிறத்துக்குக் காலை முழுவதும் ஆயிற்று, அது வெயிலில் காயும்போது வந்த அந்த அடங்கிய, வெதுவெதுப்பான மஞ்சளை எந்தப் பொட்டலமும் தராது. மூன்றாம் நாள் தரையில் முளைக்குச்சி அடித்து, எதிரெதிரே உட்கார்ந்து நூலுருண்டையை ஒருவருக்கொருவர் உருட்டிப் பாவு ஓட்டினோம், அப்புறம் பாவு இழைகளைத் தூக்கும் நூல் வளையங்களான விழுது கட்டினோம், மறுமுனையை மரத்தில் கட்டி இந்த முனையை இடுப்பில் கட்டிக்கொண்டு நெய்தேன். இரண்டு விரல் அகலப் பட்டை, ஹக்கிமா என்கிறார்கள், அங்கே குழந்தைகள் முதலில் நெய்து பழகுவதே அதைத்தான். ஒரு வாரத்தில் சால்வை நெய்யலாம் என்று யாராவது சொன்னால் நம்பாதீர்கள், லிக்லா என்கிற தோள்சால்வைக்குக் கைதேர்ந்த நெசவாளருக்கே மாதக்கணக்கு ஆகும்.

ஆக, போகிறவர்கள் பணம் அனுப்பும் முன் என்ன கேட்க வேண்டும் என்றால், சொல்லிக்கொடுப்பவர் யார், அவரோடு ஒரு முறை நேரடியாகப் பேச முடியுமா, கட்டணத்தில் அவருக்கு எவ்வளவு போகிறது. இந்த மூன்றாவது கேள்விக்கு நேர்மையான இடங்கள் தயங்காமல் பதில் சொல்கின்றன, ஏமாற்றுகிறவர்கள் பேச்சை மாற்றுகிறார்கள். வகுப்பில் நூற்பு உண்டா, எந்தச் செடியில் எந்த நிறம், ஒரு பானைக்கு எவ்வளவு நேரம் என்றும் கேளுங்கள். சாயம் கழுவும்போது கொஞ்சம் ஒழுகினாலே அது போலி என்று முடிவு கட்டிவிடாதீர்கள், நல்ல இயற்கைச் சாயமும் முதல் அலசலில் ஒழுகும். பாதிப் பணத்துக்கு மேல் முன்பணம் வேண்டாம், ரசீது இல்லாமல் எதுவும் வேண்டாம்.

முடிந்தால் எதையும் பதிவு செய்யாமலே குஸ்கோ போய் இறங்குங்கள். அவெனிதா எல் சோல் சாலையில் குஸ்கோ மரபு நெசவு மையம் இருக்கிறது, சின்செரோவைச் சேர்ந்த நில்தா கல்யாஞாவ்பா என்ற நெசவாளர் மற்ற நெசவாளர்களோடு சேர்ந்து 1996-இல் தொடங்கியது, மலைக் கிராமங்களின் நெசவாளர்களோடு வேலை செய்கிறார்கள். உள்ளேயே அருங்காட்சியகம் உண்டு, நெசவாளர்கள் உட்கார்ந்து நெய்வதையும் பார்க்கலாம். நான் அங்கே போனது கடைசி நாளில். முதல் நாளே போயிருந்தால் நல்ல நூல் எது, நல்ல நிறம் எது என்று கண் பழகியிருக்கும், மாடியறையில் கொடுத்த நூலைத் தொட்டதுமே எழுந்து வந்திருப்பேன். ஒயாந்தாய்தாம்போ பக்கம் போகிறவர்கள் அவாமக்கி என்ற அமைப்பிடமும் விசாரிக்கலாம், பதகாஞ்சா பள்ளத்தாக்குப் பெண்களின் கூட்டுறவுகளோடு வேலை செய்கிறார்கள்.

கடையிலிருந்து இன்று வரை ஒரு காசு திரும்பி வரவில்லை, என் எண்ணையும் தடுத்துவிட்டார்கள். இன்டெகோப்பியிலிருந்து ஏதாவது பதில் வந்தால் இந்தப் பதிவிலேயே சேர்க்கிறேன். யாராவது இந்த மாதம் குஸ்கோ வகுப்புக்குப் பணம் கட்டப் போகிறீர்கள் என்றால் அவர்கள் அனுப்பிய செய்தியை எனக்கு அனுப்புங்கள், பார்த்துச் சொல்கிறேன்.