கோட்டையூர் ஆச்சியின் ஞாயிற்றுக்கிழமை கோட் வகுப்பு: பன்னிரண்டு வாரம் போய் வந்த அனுபவம்

காரைக்குடியில் வீட்டிலிருந்தே சாஃப்ட்வேர் வேலை பார்க்கிறவர்கள் இப்போது கொஞ்சம் பேர் இருக்கிறோம். நாலைந்து வருஷம் ஆகியும் ஏன் இன்னும் ஜூனியராகவே இருக்கிறோம் என்று யோசிக்கிறவர்களுக்காக இதை எழுதுகிறேன்.

2019-இல் படிப்பு முடித்து, பல்லவன் ரயில் ஏறிச் சென்னை போய், 2021-இல் ஊர் திரும்பினேன். வேலை ஜாவா என்ற கணினி மொழியில். கடன் தவணை வசூலிக்கும் மென்பொருள். இரண்டு அப்ரைசலிலும் ஒரே பதில்: "நல்லாப் பண்றீங்க, ஆனா ஓனர்ஷிப் வரணும்." அது எப்படி வரும் என்று யாரும் சொல்லவில்லை. புதுசாக ஏதாவது கற்றுக்கொண்டால் வரும் என்று நினைத்து ஆன்லைனில் காஃப்கா, குபர்னெட்டிஸ் என்ற மென்பொருள் கருவிகளைப் படித்தேன். சான்றிதழ் வந்தது. அடுத்த அப்ரைசலிலும் அதே வாக்கியம்தான்.

அப்போதுதான் கூட வேலை பார்க்கும் ஒருவர் இந்த வகுப்பைச் சொன்னார். பெயர்ப்பலகை கிடையாது. வெளிநாட்டிலும் பெங்களூரிலுமாக இருபது வருஷத்துக்கு மேல் வேலை பார்த்துவிட்டு ஊரோடு வந்துவிட்ட ஆச்சி ஒருவர், கோட்டையூரில் தங்கள் பழைய வீட்டின் வளவில், அதாவது உள்முற்றத்தில், நடத்துகிறார். எட்டுப் பேர், பன்னிரண்டு ஞாயிறு, காலை 9 முதல் 12.30 வரை. கட்டணம் 6,000 ரூபாய், காபி உட்பட. ஆத்தங்குடிக் கல் பாவிய தரையில் பாய் போட்டு உட்கார வேண்டும். ஏசி தேவைப்படவில்லை.

முதல் நாள் யாரும் ஒரு வரி கோட் எழுதவில்லை. வட்டி கணக்கிடும் ஒரு ஃபைல், நானூறு வரி இருக்கும், அதை அச்செடுத்து ஆளுக்கொன்று கொடுத்தார். படித்துவிட்டுக் கேள்விகளை எழுதச் சொன்னார். நான் மூன்று எழுதினேன். மூன்றும் மாறிகளுக்கு வைத்த பெயரைப் பற்றி. பக்கத்தில் தேவகோட்டையிலிருந்து வந்த பெண், என்னைவிட அனுபவம் குறைந்தவர், பத்தொன்பது எழுதியிருந்தார். அதில் ஒன்று: "வருஷத்துக்கு 365 நாள் என்று வைத்திருக்கிறார்கள். லீப் வருஷத்தில் கடன் வாங்கியவருக்கு என்ன ஆகும்?" அந்தக் கேள்வியைப் படித்ததும் எனக்கு வயிற்றைப் பிசைந்தது. தவணை மென்பொருளிலேயே வேலை பார்க்கிற எனக்கு அது தோன்றவில்லையே.

நாலாவது வாரம் ஆச்சி தன் மாமனார் வீட்டுப் பேரேடு ஒன்றை எடுத்து வந்தார். ஓரிடத்தில் தொகை தவறாகப் பற்று எழுதப்பட்டிருந்தது. அதை யாரும் அடிக்கவோ சுரண்டவோ இல்லை. சில வரிகள் தள்ளி, அதே தொகையை வரவு வைத்து, காரணத்தையும் ஒரு வரியில் எழுதியிருந்தார்கள். "கிட் ரிவர்ட்டும் இதத்தான் செய்யுது," என்றார். கோட்டில் செய்யும் மாற்றங்களைப் பதிந்துவைக்கும் மென்பொருள் கிட், அதில் ஒவ்வொரு பதிவும் ஒரு கமிட். ரிவர்ட் செய்தால் பழைய கமிட் அப்படியே இருக்க, அதை ஈடுகட்டும் புதிய கமிட் மேலே விழுகிறது. வரலாறு அழிவதில்லை.

எனக்கு இது சும்மா உதாரணம் இல்லை. போன வருஷம் எல்லோருக்கும் பொதுவான பிராஞ்சில் (கிட்டில் கோட்டின் ஒரு கிளை), வரலாறு சுத்தமாக இருக்கட்டும் என்று ஃபோர்ஸ் புஷ் செய்தேன், அதாவது அங்கே இருந்ததன் மேல் என்னுடையதை வலிந்து ஏற்றினேன். சக ஊழியர் ஒருவரின் இரண்டு நாள் வேலை அதில் போய்விட்டது. அவருடைய கணினியில் ரிஃப்ளாக், அதாவது பழைய கமிட்களின் இருப்பிடத்தைக் கிட் குறித்துவைக்கும் பதிவு, இருந்ததால் மீட்டோம். கட்டளை தெரியாமல் அந்தத் தவறு நடக்கவில்லை. அந்த வரலாற்றை இன்னொருவரும் நம்பியிருக்கிறார் என்பதை நான் எண்ணவே இல்லை.

என் கமிட் குறிப்புகளையும் அன்று திரையில் போட்டுப் பார்த்தோம். "ஃபிக்ஸ்", "ஃபிக்ஸ் 2", "இப்போ ஓகே". ஆச்சி திட்டவில்லை. "என்ன பண்ணுனீகன்னு கோட்டே சொல்லிரும் தம்பி. ஏன் பண்ணுனீகன்னு நீங்கதானே சொல்லணும்?" என்றார்.

ஏழாவது வாரத்துக்காகவே மொத்தக் கட்டணத்தையும் கொடுக்கலாம். பர்மாவிலும் மலேயாவிலும் நகரத்தார் வட்டிக் கடைகளில் பெட்டியடிப் பையனாகச் சேர்ந்தவர் எப்படி அடுத்தாள் (மேலாளுக்குத் துணை) ஆகி, பிறகு மேலாள் (கடையை நடத்துபவர்) ஆனார் என்று ஆச்சி சொன்னார். பெட்டியடிப் பையன் சொன்னதைச் செய்வார். மேலாளுக்கு முதலாளி கடல் தாண்டி இங்கே செட்டிநாட்டில் இருக்கிறார். யாருக்குக் கடன் கொடுப்பது என்று கேட்டு எழுதிப் பதில் வரும்வரை காத்திருக்க முடியாது. அங்கேயே முடிவெடுத்து, ஏன் அப்படி முடிவெடுத்தோம் என்று முதலாளிக்குப் புரியும்படி எழுதியாக வேண்டும். ஒரு மாற்றத்தை ஏன் இப்படிச் செய்கிறோம் என்று எழுதிவைக்கும் குறிப்பை டிசைன் டாக் என்போம், அதை இப்படி எனக்கு யாரும் விளக்கியதில்லை. "ஓனர்ஷிப்" என்ற சொல்லும் அன்றுதான் விளங்கியது.

வீட்டுப்பாடம்: அலுவலகப் பிரச்சினை ஒன்றைப் பற்றி ஒன்றரைப் பக்கம். என்ன கோளாறு, என்னென்ன வழி, ஏன் இந்த வழி, தப்பாகப் போனால் எப்படித் திரும்பி வருவது. நான் எடுத்துக்கொண்டது, வங்கியின் பதில் தாமதமானால் ஒரே தவணை இரண்டு முறை பிடிக்கப்படும் கோளாறு. வழக்கமான தீர்வு தெரியும்: ஒவ்வொரு கோரிக்கைக்கும் ஓர் அடையாள எண், அதே எண் மறுபடி வந்தால் பழைய பதிலையே திருப்பிக் கொடுப்பது. எழுத உட்கார்ந்தபோதுதான் கண்ணில் பட்டது, எங்கள் கோட்டிலும் அந்த எண் இருந்தது, ஆனால் மறுமுயற்சி ஒவ்வொன்றுக்கும் புதிதாக உருவாகிக்கொண்டிருந்தது. தவணைக்கு ஒரே எண் என்று மாற்ற வேண்டும், அவ்வளவுதான். அந்த ஒன்றரைப் பக்கத்தை மேனேஜருக்கு அனுப்பினேன். இரண்டு கேள்வி கேட்டார். முதலில் கொஞ்சம் வாடிக்கையாளர்களுக்கு மட்டும் விட்டுப் பார்த்து, பிறகு எல்லோருக்கும் விட்டோம்.

குறைகளையும் சொல்ல வேண்டும். டெஸ்ட், அதாவது கோட் சரியாக ஓடுகிறதா என்று சோதிக்கும் கோட், எழுதுவதற்கு ஒரே ஒரு வாரம்தான், அது போதவே போதாது. ஃப்ரண்ட் எண்ட் (பயனர் பார்க்கும் திரைப் பகுதி), மொபைல் ஆட்களுக்குப் பாதி உதாரணங்கள் பொருந்தாது. வேலை மாறுவதற்கான இன்டர்வியூ பயிற்சி அறவே இல்லை. அதற்காக வந்த இரண்டு பேர் மூன்றாவது வாரமே நின்றுவிட்டார்கள். கடைசிவரை எல்லாவற்றையும் தாளில்தான் எழுத வேண்டும் என்பதில் எனக்கு உடன்பாடில்லை, ஆச்சியிடமும் சொன்னேன். வார நாட்களில் வாட்ஸ்அப்பில் கேட்டால் பதில் வராது, ஞாயிறு வரை காத்திருக்க வேண்டும்.

பதவி உயர்வு வந்ததா என்று கேட்பீர்கள். இன்னும் இல்லை, அப்ரைசல் ஏப்ரலில். ஆனால் டீமில் புதிதாகச் சேர்ந்த இருவர் இப்போது தங்கள் புல் ரிக்வெஸ்ட்டை (கோட் மாற்றத்தைச் சேர்க்கும் முன் பார்க்கச் சொல்லும் கோரிக்கை) முதலில் எனக்குத்தான் அனுப்புகிறார்கள். போன வாரம் ஒருவரிடம் "இதை ஏன் இப்படி எழுதினீங்க?" என்று கேட்டேன். யோசித்து மூன்று வரி பதில் எழுதினார், அந்த மூன்று வரியை அப்படியே கமிட் குறிப்பில் போடச் சொன்னேன்.

அடுத்த வகுப்பு பொங்கல் கழித்துத் தொடங்குகிறது. மின்தடை வரலாம், லேப்டாப்பை முழுதாகச் சார்ஜ் ஏற்றிக்கொண்டு போங்கள். கூடவே, நீங்கள் எழுதி ஒரு வருஷமாவது ஆன ஒரு ஃபைலின் அச்சுப் பிரதி வேண்டும். அலுவலகத்தில் எழுதிய கோட் எதையும் வெளியே கொண்டு வர ஆச்சி விடமாட்டார், சொந்தமாக எழுதியதாக இருக்கட்டும்.