காசு போடாமல் ஃப்ரீ ஃபயர்: என் ஐந்து வருட அனுபவம்

2020 ஊரடங்கு சமயத்தில் அக்கா பையன் என் போனில் ஃப்ரீ ஃபயர் என்ற துப்பாக்கிச் சண்டை ஆட்டத்தை ஏற்றிக் கொடுத்தான். அன்றிலிருந்து ராத்திரி சாப்பிட்டுவிட்டு இரண்டு மேட்ச் ஆடாமல் படுத்த நாட்கள் குறைவு. 2022 பிப்ரவரியில் அரசு தடை செய்த ஆப்களின் பட்டியலில் ஃப்ரீ ஃபயரும் வந்தது, அதன் பிறகு எல்லோரையும் போல ஃப்ரீ ஃபயர் மேக்ஸில்தான் ஆடுகிறேன். இத்தனை வருடத்தில் டைமண்டுக்காக (ஆட்டத்துக்குள் பொருள் வாங்க உதவும் நாணயம், நிஜக் காசு கொடுத்து வாங்குவது) என் சட்டைப் பையிலிருந்து போனது 500 ரூபாயைத் தாண்டாது. ஆனாலும் வால்ட்டைத் திறந்தால் (ஆட்டத்தில் நம் பொருட்கள் இருக்கும் பெட்டி) உடை, எமோட் என்ற ஆட்ட அசைவுகள், துப்பாக்கிக்கான கன் ஸ்கின் என்று மனசுக்குப் பிடித்தது நிறையவே இருக்கிறது. அதெல்லாம் எப்படி வந்தது, நடுவில் ஒரு ஐடி, அதாவது விளையாட்டுக் கணக்கு, முழுசாக எப்படிப் போனது என்று இரண்டையும் எழுதிவிடலாம் என்று உட்கார்ந்தேன். எங்கள் தெருப் பிள்ளைகளில் யாராவது ஒருவர் அடிக்கடி "அண்ணா, ஐடி போயிடுச்சு" என்று கண் கலங்கி வந்து நிற்கிறார்கள், பார்க்கவே கஷ்டமாக இருக்கிறது.

போன கதையை முதலில் சொல்கிறேன்.

2021 தீபாவளிக்கு இரண்டு நாள் முன்னால் எங்கள் ஸ்க்வாட் வாட்ஸ்அப் குரூப்பில் ஒரு லிங்க் வந்தது. தீபாவளிப் பரிசாம், ஒரு பண்டிலும் (முழு உடை செட்) 2,000 டைமண்டும் தருகிறார்களாம். அனுப்பியது கூடவே ஆடும் தம்பி, அதனால் சந்தேகமே வரவில்லை. (அவன் ஐடி முந்தின நாளே போயிருந்தது, அந்த லிங்க்கை அனுப்பியது அவனே இல்லை என்பது பிற்பாடுதான் தெரிந்தது.) பக்கத்தைத் திறந்தால் விளையாட்டின் லோகோ, பின்னணியில் பட்டாசு, கீழே பத்து நிமிடத்திலிருந்து இறங்கிக்கொண்டே போகும் கடிகாரம். பரிசைத் தொட்டதும் ஃபேஸ்புக் லாகின் பெட்டி வந்தது, என் ஐடியும் ஃபேஸ்புக்கோடுதான் இணைந்திருந்தது. மெயிலும் பாஸ்வேர்டும் போட்டேன், "பாஸ்வேர்டு தவறு" என்றது. திரும்பவும் போட்டேன், "24 மணி நேரத்தில் பரிசு வரும்" என்றது. முதல் தடவை தவறு என்று சொன்னது, நாம் சரியான பாஸ்வேர்டைத்தான் போடுகிறோமா என்று உறுதி செய்துகொள்ளத்தான் என்று இப்போது நினைக்கிறேன். என் போனில் ஃபேஸ்புக் ஏற்கெனவே லாகின் ஆகித்தான் இருந்தது, அப்படியிருக்க ஏன் புதிதாக பாஸ்வேர்டு கேட்கிறது என்று ஒரு நொடி தோன்றியிருந்தால்கூடப் போதும், தப்பித்திருப்பேன்.

காலையில் எழுந்து பார்த்தால் ஐடி இல்லை, ஃபேஸ்புக்கும் இல்லை. மெயில் மாறிவிட்டது, போன் நம்பர் மாறிவிட்டது. மதியத்துக்குள் என் பெயரில் சொந்தக்காரர்களுக்கெல்லாம் "அவசரமா 5,000 ரூபாய் வேணும்" என்று மெசேஜ் போயிருக்கிறது. சித்தி ஒருவர் அனுப்பியும் விட்டார். விளையாட்டு போனதைவிட இதுதான் எனக்கு இன்னும் உறுத்துகிறது. லெவல் 61 ஐடி, திரும்பக் கிடைக்காத பழைய எலைட் பாஸ் உடைகள் எல்லாம் போகட்டும், ஆனால் அந்தப் பணம் சித்தி சீட்டு கட்டச் சேர்த்து வைத்தது.

இப்போது எந்த லிங்க் வந்தாலும் நான் முதலில் பார்ப்பது அதன் முகவரியைத்தான். அதை எப்படிப் படிப்பது என்று அக்கா பையனுக்குத் தாளில் எழுதிக் காட்டினேன். ஃப்ரீ ஃபயரின் உண்மையான ரிடீம் தளம் (கோட் போட்டுப் பரிசு வாங்கும் இடம்) ரிவார்ட் டாட் எஃப்எஃப் டாட் கரேனா டாட் காம். கரேனாதான் ஃப்ரீ ஃபயரை நடத்தும் நிறுவனம். முகவரியின் தொடக்கத்தில் வரும் இரட்டைச் சாய்கோட்டை விட்டுவிட்டு, அதற்குப் பிறகு முதல் சாய்கோடு எங்கே வருகிறதோ அங்கே விரலை வைத்து இடப்பக்கமாக வர வேண்டும், 'காம்', அதை ஒட்டி 'கரேனா'. அந்த இரண்டும்தான் வீட்டுக்காரர் பெயர், அதற்கு முன்னால் இருப்பதெல்லாம் வீட்டுக்குள் இருக்கிற அறைகள் மாதிரி. போலிப் பக்கங்களில் 'கரேனா' என்ற சொல் பெரும்பாலும் இருக்கும், ஆனால் அறைப் பெயராக முன்னால் இருக்கும், இல்லாவிட்டால் நடுவில் கோடு போட்டு 'கரேனா-கிஃப்ட்' என்று இருக்கும், கடைசியில் சம்பந்தமே இல்லாத ஒரு பெயர் வரும். நான் ஏமாந்த பக்கமும் அப்படித்தான் இருந்தது. முகவரியின் தொடக்கத்தில் பூட்டுப் படம் இருக்கிறதே என்று நம்பிவிடாதீர்கள், நாம் அனுப்புவதை வழியில் வேறு யாரும் படிக்க முடியாது என்பதற்கு மட்டும்தான் அது அடையாளம், திருடனும் தன் பக்கத்துக்குப் பூட்டு வாங்கிக்கொள்ளலாம்.

அடுத்தது டைமண்ட் ஜெனரேட்டர். பிளேயர் ஐடி நம்பரைப் போடு, 99,999 டைமண்டைத் தேர்ந்தெடு, அவ்வளவுதான் என்பார்கள். நம்பர் போட்டதும் நம் பெயரைச் சரியாகக் காட்டும் பக்கங்களும் உண்டு, பிள்ளைகள் அங்கேதான் விழுந்துவிடுகிறார்கள், "மாமா, என் பேரே வருது, உண்மைதான்" என்றான் அக்கா பையனும். பிளேயர் ஐடியை வைத்துப் பெயரைக் கண்டுபிடிப்பது பெரிய விஷயமே இல்லை, காசு கட்டி டாப்-அப் செய்யும் எந்த நல்ல தளத்திலும் அது தெரியும். அவனை உட்கார வைத்து, பெயர் காட்டாத இன்னொரு ஜெனரேட்டரைத் திறந்து, ஐடி இடத்தில் வெறும் 1111 என்று போட்டேன். பச்சை எழுத்துகள் ஓடின, "சர்வருடன் இணைகிறது" என்றது, 99,999 டைமண்ட் சேர்ந்துவிட்டது, நீங்கள் மனிதர்தானா என்று உறுதி செய்யுங்கள் என்று வந்து நின்றது. 1111க்கும் அதே படம்தான் ஓடுகிறது. அவன் முகம் அப்போதுதான் மாறியது.

டைமண்ட் கணக்கு விளையாட்டு நிறுவனத்தின் சர்வரில் இருக்கிறது, நம் போனில் நாம் பார்ப்பது வெறும் எண். வெளியிலிருந்து ஒரு வலைப்பக்கம் அதை மாற்றவே முடியாது, வங்கிப் பாஸ்புத்தகத்தில் பேனாவால் ஒரு சைபர் சேர்த்து எழுதினால் பணம் ஏறாது இல்லையா, அதேதான். "மனிதர்தானா" என்ற அந்தக் கடைசிப் படிதான் அவர்களுக்கு வருமானம். இரண்டு ஆப் இறக்கு, ஒரு சர்வே நிரப்பு, போன் நம்பர் கொடு என்று கேட்கும், ஒவ்வொன்றுக்கும் அந்தப் பக்கத்துக்காரருக்குக் கமிஷன் போகும். இறக்கச் சொல்கிற ஆப் பிளே ஸ்டோருக்கு வெளியே இருக்கிற ஏபிகே (ஆப்பை நேரடியாக நிறுவும் கோப்பு) என்றால் இன்னும் ஆபத்து. எஸ்எம்எஸ் படிக்கவும், அக்சஸிபிலிட்டிக்கும் (திரையில் இருப்பதைப் படிக்கவும் இயக்கவும் விடும் வசதி) அனுமதி கேட்டால் கை நடுங்க வேண்டும், வங்கி ஓடிபியை அது படித்துவிடும். 2023 ஆகஸ்ட் கடைசியில் ஃப்ரீ ஃபயர் இந்தியா திரும்ப வருகிறது, தோனிதான் தூதர் என்று அறிவித்து, பிறகு தள்ளி வைத்தார்கள் அல்லவா, அந்த வாரம் எங்கள் குரூப்பில் மட்டும் மூன்று வேறு வேறு ஏபிகே வந்தது. ஆப்பே வெளியாகவில்லை, அப்புறம் ஏபிகே எங்கிருந்து வரும்?

சரி, உண்மையில் கிடைப்பதைச் சொல்கிறேன்.

எனக்கு வந்த இலவசங்களில் முக்கால்வாசி ஆட்டத்துக்குள்ளேயே வந்தவை. ஈவென்ட் பகுதியில் தினமும் உள்ளே வந்தால் இது, இத்தனை மேட்ச் ஆடினால் அது என்று போட்டிருப்பார்கள். இதில் பலர் கவனிக்காத ஒன்று, பணியை முடித்தால் மட்டும் போதாது, 'கிளெய்ம்' பட்டனை நாமே போய்த் தொட வேண்டும், ஈவென்ட் முடிந்தால் அதுவும் போய்விடும். பரிசுப் படத்தின் மூலையில் 24 மணி, 7 நாள் என்று போட்டிருந்தால் அது அவ்வளவு காலத்துக்குத்தான். முழு பண்டில் சும்மா கிடைப்பது ஆண்டு விழா, தீபாவளி மாதிரி பெரிய ஈவென்ட்களில்தான், அதுவும் டோக்கன் சேர்த்துச் சேர்த்து. டைமண்டாக நேரடியாகக் கொடுத்தது எனக்கு நினைவே இல்லை, தங்கக் காசும் வவுச்சரும்தான் வரும். யாராவது ஆயிரக்கணக்கில் டைமண்ட் இலவசம் என்றால் அந்த வார்த்தையிலேயே நான் நிறுத்திவிடுவேன்.

ரிடீம் கோட் உண்மைதான். 12 அல்லது 16 எழுத்து, ஆங்கிலப் பெரிய எழுத்தும் எண்ணும் கலந்து இருக்கும். பெரிய போட்டிகளின் நேரலையில் பார்வையாளர் எண்ணிக்கை ஒரு அளவைத் தொட்டால் வெளியிடுவார்கள், அவர்களுடைய சமூக ஊடகப் பக்கங்களிலும் வரும். கெஸ்ட் ஐடியில் வேலை செய்யாது, கூகுளோ வேறு கணக்கோ இணைத்திருக்க வேண்டும். ஒரு நாட்டு சர்வருக்கான கோட் இன்னொன்றில் ஓடாது. "இன்றைய ரிடீம் கோட்" என்று தினமும் முப்பது கோட் போடும் செய்திகளை நம்பி ஒரு மாதம் முழுக்க உட்கார்ந்து அடித்துப் பார்த்தேன், இரண்டுதான் வேலை செய்தது. மற்றதெல்லாம் காலாவதி, அல்லது வேறு சர்வர், அல்லது எண்ணிக்கை முடிந்தது. அதில் ஆபத்து இல்லை, நேரம்தான் போகிறது, நான் விட்டுவிட்டேன். நேரலையில் கோட் வந்த உடனே ஆப்பைக் குறைத்துவிட்டு நேராகத் தளத்துக்குப் போவேன், முகவரியை புக்மார்க்கில் வைத்திருக்கிறேன், யார் அனுப்பிய லிங்க்கையும் தொடுவதில்லை. பரிசு இன்கேம் மெயிலுக்கோ வால்ட்டுக்கோ அதிகபட்சம் அரை மணி நேரத்தில் வந்துவிடும்.

இதே மாதிரி இன்னொரு ஆட்டமான பிஜிஎம்ஐ ஆடுபவர்களுக்கும் அதன் நிறுவனமான கிராஃப்டன் அதிகாரபூர்வ ரிடீம் கோட்களை வெளியிடுகிறது. நான் அதை அதிகம் ஆடவில்லை, அதனால் அத்தோடு விடுகிறேன்.

டைமண்டுக்கு எனக்குக் கைகொடுத்தது கூகுள் ஒப்பீனியன் ரிவார்ட்ஸ் ஆப். கூகுளே நடத்துவது. சின்னச் சின்ன சர்வே வரும், ஆண்ட்ராய்டில் பதிலுக்குப் பிளே பேலன்ஸில் பணம் ஏறும். எனக்கு ஒரு தடவைக்கு ஆறு ரூபாய், பத்து ரூபாய் என்று வரும், எப்போதாவது இருபதைத் தாண்டும். சில வாரம் ஒன்றுமே வராது. பொறுமை வேண்டும். போகாத கடைக்குப் போனதாகச் சொன்னால் சர்வே வருவது குறைந்துவிடும், உண்மையைச் சொல்வதே வழி. சேர்ந்த தொகைக்கு ஒரு வருடம்தான் ஆயுள், எனக்கு ஒரு தடவை நாற்பது சொச்சம் ரூபாய் அப்படிக் காலாவதி ஆனது. இந்தப் பேலன்ஸில் நான் வாங்குவது வார மெம்பர்ஷிப் மட்டும். அதே விலைக்கு நேரடி டாப்-அப்பைவிட அதிக டைமண்ட் வருகிறது, ஆனால் ஏழு நாளும் உள்ளே வந்து எடுக்க வேண்டும்.

வீட்டில் கம்ப்யூட்டர் இருந்தால், ஆட்டங்கள் விற்கும் இணையக் கடையான எபிக் கேம்ஸ் ஸ்டோரை விட்டுவிடாதீர்கள். 2018 டிசம்பரில் அந்தக் கடை தொடங்கியதிலிருந்து இலவச ஆட்டம் தருகிறார்கள், இப்போது வியாழன் இரவில் மாறுகிறது, கணக்கில் சேர்த்துவிட்டால் அது நமக்கே. 2020 மே மாதம் ஜிடிஏ 5 கொடுத்தபோது கூட்டம் தாங்காமல் தளமே படுத்துவிட்டது, நான் ராத்திரி ரொம்ப நேரம் விழித்திருந்து எடுத்தேன். ஸ்டீம் என்ற இன்னொரு இணையக் கடையிலும் நல்ல இலவசங்கள் உண்டு, ஆனால் அங்கே "எங்க டீமுக்கு ஓட்டுப் போடு" என்று நண்பர் பெயரில் லிங்க் வந்து, உள்ளேயே ஒரு லாகின் ஜன்னல் திறக்கும். அந்த ஜன்னலை மவுஸால் பிடித்து பிரவுசருக்கு வெளியே இழுத்துப் பாருங்கள். வெளியே வரவில்லை என்றால் அது ஜன்னலே இல்லை, பக்கத்துக்குள் வரைந்த படம்.

கடைசியாக, ஐடி வாங்குவது விற்பது. விதிப்படி அது கூடாது, அதைவிட முக்கியம், விற்றவன் பழைய கணக்கை வைத்து எப்போது வேண்டுமானாலும் திரும்ப எடுத்துக்கொள்ளலாம். பக்கத்து வீட்டுப் பையன் பிளஸ் ஒன் படிக்கிறான், போன வருடம் தன் ஐடியை விற்கப் போனான். வாங்குகிறேன் என்றவன், "இந்த க்யூஆரை ஸ்கேன் பண்ணி பின் போடு, பணம் உன் கணக்குக்கு வந்துடும்" என்றிருக்கிறான். அப்பா போனில் பின் போட்டதும் 2,400 ரூபாய் போய்விட்டது. யுபிஐ பின் பணம் அனுப்பத்தான், வாங்குவதற்குத் தேவையே இல்லை என்று அவனுக்கு யாரும் சொல்லித் தரவில்லை. பயத்தில் வீட்டில் சொல்லாமல் என்னிடம் வந்தான். உடனே அவன் அப்பாவிடம் கூட்டிப் போய், "அண்ணே, திட்டுறதை அப்புறம் வச்சுக்கலாம், முதல்ல போன் பண்ணுவோம்" என்று சைபர் மோசடிப் புகாருக்கான 1930க்கு அடித்தோம். பரிவர்த்தனை எண்ணும் நேரமும் கேட்டார்கள். சைபர்கிரைம் டாட் கவ் டாட் இன் தளத்திலும் புகாரைப் பதிந்தோம். எதிர்க் கணக்கில் மிச்சம் இருந்த 1,700 ரூபாயை முடக்கிவிட்டார்கள், கைக்கு வந்து சேர நாலு மாதம் ஆனது. பையன் இப்போதும் அதே ஐடியில்தான் ஆடுகிறான். ஏதாவது லிங்க் வந்தால் முதலில் என் வீட்டுக் கதவைத்தான் தட்டுகிறான்.