மூக்குத்தி வழக்கு: பிள்ளைகளோடு படிக்க ஒரு தீர்ப்பு

தென்னாப்பிரிக்காவில், டர்பன் நகரின் சாட்ஸ்வொர்த்தில் சனிக்கிழமைகளில் தமிழ் வகுப்பு எடுக்கிறேன். பெரிய பிள்ளைகளுக்கு சிலப்பதிகாரத்தின் வழக்குரை காதையைச் சொல்லிக் கொடுக்கும்போது, நீதியைப் பற்றி அவர்களே எடுத்துப் படிக்கிற மாதிரி கூடவே சில புத்தகங்கள் இருந்தால் நல்லது என்று தேட ஆரம்பித்தேன். நூலகத்தில் எடுத்தது, பிள்ளைகள் வீட்டிலிருந்து கொண்டுவந்தது, நான் வாங்கியது எல்லாம் சேர்ந்து ஒரு பெட்டி நிறைந்துவிட்டது. அதில் சிலவற்றைப் பற்றி, பெற்றோருக்கும் என்னைப் போல் வகுப்பு எடுப்பவர்களுக்கும் உதவும் என்று எழுதுகிறேன். எனக்கு மிகவும் பிடித்ததை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். அது ஒரு நீதிமன்றத் தீர்ப்பு. இணையத்தில் இலவசமாகவே கிடைக்கிறது.

பிள்ளைகள் கொண்டுவந்தது பெரும்பாலும் சூப்பர்ஹீரோ காமிக்ஸ்தான். பேட்மேன் எல்லோருக்கும் தெரியும். டேர்டெவில் எனக்குப் புதிது. 1964இல் தொடங்கிய தொடர். நாயகன் பகலில் வக்கீல், ராத்திரியில் முகமூடி போட்டு அடிப்பவன். நீதிமன்றத்தில் முடியாததைத் தெருவில் முடிக்கிறான். நம் நாட்டிலேயே லோயிசோ ம்கிஸே 2014இல் தொடங்கிய குவேஸி என்ற காமிக்ஸ் இருக்கிறது. கோல்ட் சிட்டியில் வாழும் பத்தொன்பது வயதுப் பையன், சக்தி கிடைத்ததும் ஊரெல்லாம் தன்னைப் பார்க்க வேண்டும் என்று திரிகிறான். தன் வேர் எது என்று பிறகுதான் கற்றுக்கொள்கிறான். படங்கள் அருமை. பன்னிரண்டு வயதுக்கு மேல் யாருக்கும் தயங்காமல் வாங்கிக் கொடுக்கலாம்.

காமிக்ஸ் என்றால் எப்போதும் நியாயத்தின் பக்கம்தான் என்று பிள்ளைகள் நினைத்துவிடக் கூடாது. அதனால் மைட்டி மேன் பற்றியும் சொல்வேன். 1970களில் டவுன்ஷிப் (கறுப்பினத்தவருக்கென்று ஒதுக்கிய குடியிருப்பு) பிள்ளைகளுக்காக விற்ற இந்தக் காமிக்ஸில், போலீஸ்காரராக இருந்த ஒரு கறுப்பினத்தவர் சூப்பர்ஹீரோவாகித் திருடர்களைப் பிடிப்பார். பின்னால் இருந்தது நிறவெறி அரசின் பணம். சட்டத்துக்கு அடங்கி நட என்று சொல்லிக் கொடுத்த அந்தக் கதைகள், அந்தச் சட்டம் யார் போட்டது என்று கேட்கச் சொல்லித் தரவில்லை.

இந்தக் கதைகள் எல்லாவற்றிலும் எனக்கு ஒரே குறைதான். அடி வாங்குகிறவன் வாய் திறப்பதே இல்லை. அவன் குற்றவாளி என்பது நமக்கு முன்பே தெரியும்; படம் வரைந்தவர் காட்டிவிட்டார். பாண்டியன் சபையில் நடந்த தப்பும் இதுதானே? பொற்கொல்லன் சொன்னதைக் கேட்டான், கோவலனைக் கேட்கவில்லை. கண்ணகி வந்து முதலில் சொல்வதே ‘தேரா மன்னா’ என்றுதான். சிலம்பை உடைத்து மாணிக்கத்தைக் காட்டியது அதற்கு அப்புறம். ஆகவே எந்தப் புத்தகத்தை எடுத்தாலும், தோற்கிற பக்கம் என்ன சொன்னது என்று அதில் எழுதியிருக்கிறதா என்று பார்க்கிறேன்.

அமர்த்தியா சென் எழுதிய தி ஐடியா ஆஃப் ஜஸ்டிஸ் (2009) பிள்ளைகளுக்குக் கனமான புத்தகம். ஆனால் அதில் வரும் புல்லாங்குழல் கதைக்காகவே நூலகத்தில் எடுக்கலாம். மூன்று பிள்ளைகள், ஒரு குழல். ஒருத்திக்குத்தான் வாசிக்கத் தெரியும், ஒருவனிடம் விளையாட வேறு பொருளே இல்லை, இன்னொருத்தி அதைச் செய்தவள். யாருக்குக் கொடுப்பது? வகுப்பில் கேட்டுப் பாருங்கள், மணி அடித்தாலும் யாரும் எழுந்திருக்க மாட்டார்கள்.

நிறவெறியை எதிர்த்துப் போராடிய வக்கீல் ஆல்பி சாக்ஸ் எழுதிய தி ஸ்ட்ரேஞ்ச் ஆல்கெமி ஆஃப் லைஃப் அண்ட் லா, பெரியவர்களுக்கு நான் சொல்லும் முதல் புத்தகம். 1988இல் மொசாம்பிக் நாட்டின் மபூட்டோவில் காரில் வைத்த குண்டு அவருடைய வலது கையையும் ஒரு கண்ணின் பார்வையையும் பறித்தது. பிறகு அரசியல் சாசன நீதிமன்ற நீதிபதி ஆனார். அந்தக் குண்டுத் தாக்குதலில் பங்கு இருந்த ஒருவர் அவரைத் தேடி வருகிறார். நிறவெறிக் காலக் கொடுமைகளை விசாரித்த உண்மை ஆணையத்திடம் போய் நடந்ததைச் சொல்லாதவரை கை குலுக்க மாட்டேன் என்று அனுப்பிவிடுகிறார் சாக்ஸ். அந்தப் பகுதியைப் படித்தபின் கொஞ்ச நேரம் புத்தகத்தை மூடி வைத்தேன். நடுவே வரும் தீர்ப்புப் பகுதிகள் சட்டம் படிக்காதவர்களுக்குக் கடினம், தாண்டிப் போகலாம்.

சரி, தீர்ப்புக்கு வருகிறேன். குவாசுலு-நாடால் மாகாணக் கல்வித் துறைக்கும் பிள்ளை என்ற டர்பன் அம்மாவுக்கும் நடந்த வழக்கு. 2007 அக்டோபர் 5 அன்று அரசியல் சாசன நீதிமன்றம் சொன்னது. எழுதியவர் தலைமை நீதிபதி பயஸ் லங்கா. 2004இல் பள்ளி விடுமுறையில் மகளுக்கு மூக்குக் குத்தினார்கள். பள்ளி, புண் ஆறும்வரைதான் மூக்குத்திக்கு அனுமதி என்றது. ஒழுங்கு விதியில் தோடு மட்டும் உண்டு; காதுக்கு ஒன்று, இரண்டும் ஒரே மட்டத்தில். அந்த விதிகளுக்கு உட்படுவதாக அம்மா கையெழுத்தும் போட்டிருந்தார்.

அம்மா சொன்ன விளக்கத்தை லங்கா அப்படியே எடுத்து எழுதுகிறார். தென்னிந்தியக் குடும்பம், பெண் வயதுக்கு வந்ததும் மூக்குக் குத்துவது வழக்கம், பதினாறு வயதானதும் பாட்டி அந்தத் தங்க மூக்குத்தியை எடுத்துவிட்டு வைர மூக்குத்தி போட்டு ஆசீர்வதிப்பார். இதைப் படித்த ஒரு மாணவி “எங்க ஆயாவும் இப்படித்தான் எனக்குச் செய்தாங்க” என்றாள். அரசியல் சாசன நீதிமன்றத்தின் தாளில் தன் வீட்டுக் கதையைப் படித்த அவளுடைய முகத்தை நீங்கள் பார்த்திருக்க வேண்டும்.

பள்ளியின் வாதங்களையும் அதே அக்கறையோடு எழுதுகிறார். மூக்குத்தி மதத்தில் கட்டாயம் இல்லை, விருப்பம்தானே? பிடிக்கவில்லை என்றால் வேறு பள்ளிக்குப் போகலாமே? இதை விட்டால் நாளைக்குச் சடைமுடி, பச்சை குத்தல், கோவணம் என்று எல்லாம் வந்துவிடுமே? ஒவ்வொன்றுக்கும் பதில் உண்டு. கட்டாயம் இல்லாத வழக்கத்துக்கும் பாதுகாப்பு உண்டு என்கிறார். அந்தப் பெண் இரண்டு வருடத்துக்கு மேல் மூக்குத்தியோடு போய்வந்தும் பள்ளியின் ஒழுங்கு கெட்டதற்குச் சான்று இல்லை என்கிறார். நிறையப் பிள்ளைகள் தங்கள் பண்பாட்டோடு வந்தால் அதைக் கண்டு அஞ்ச வேண்டியதில்லை, பள்ளிகளையும் நாட்டையும் வளப்படுத்தும் பன்மையின் அணிவகுப்பு அது என்று எழுதுகிறார். நான் பென்சிலால் கோடு போட்ட இடம் அதுதான். விலக்குக் கேட்பவர்களுக்கு வழி வைத்து விதியைத் திருத்தும்படி பள்ளிக்கு உத்தரவு. அதற்குள் அந்த மாணவி பள்ளியை முடித்துவிட்டாள் என்பது எனக்கு இன்னும் வருத்தம். பீட்டர்மாரிட்ஸ்பர்க் உயர் நீதிமன்றம் அம்மா பக்கம் சொன்ன தீர்ப்பை எதிர்த்துத்தான் வழக்கு மேலே போனது. தில்லையாடி வள்ளியம்மை சிறையில் இருந்த ஊர் அது. கிறிஸ்தவ முறைப்படி நடக்காத திருமணங்கள் செல்லாது என்ற 1913ஆம் வருடத் தீர்ப்புதான் நம் பெண்களைக் காந்தியின் போராட்டத்துக்கு இழுத்தது என்பதையும் வகுப்பில் சேர்த்தே சொல்கிறேன்.

குறைகளும் உண்டு. நூறு பத்திக்கு மேல் ஓடுகிறது. ஆங்கிலம் சில இடங்களில் முரடு. முன்பகுதியில் எந்தச் சட்டத்தின் கீழ் விசாரிப்பது என்று நீளமாகப் போவதைப் பிள்ளைகளுக்குக் கொடுக்க வேண்டாம். அம்மாவின் விளக்கம், பள்ளியின் வாதம், சடைமுடி வரும் பகுதி, கடைசி உத்தரவு, இவற்றை மட்டும் பிரதி எடுங்கள். சாஃப்லி என்ற தென்னாப்பிரிக்கத் தீர்ப்புத் தளத்தில் 2007, பிள்ளை என்று தேடினால் வந்துவிடும். நீதிபதி கேட் ஓரீகன் தனியாக எழுதிய கருத்தும் அதோடு இருக்கும். அதையும் எடுத்து வையுங்கள். பள்ளி பக்கம் பேசுகிற ஒரு குழு, அம்மா பக்கம் பேசுகிற ஒரு குழு என்று பிரித்துவிட்டால் இரண்டு வகுப்புக்குத் தாங்கும். பள்ளி பக்கத்துக்கு நன்றாகப் பேசக்கூடிய பிள்ளைகளைப் போடுங்கள், அந்தப் பக்கம்தான் கடினம்.