ஃபல்காவ், ஜாக்சன் மார்ட்டினெஸ்: போர்ட்டோவின் இரு கொலம்பியர்கள்

இருவரும் 1986இல் பிறந்த கால்பந்து முன்கள வீரர்கள். போர்ச்சுகல் கிளப்பான போர்ட்டோவில் கோல்களைக் குவித்து, பிறகு ஸ்பெயினின் அத்லெட்டிகோ மாட்ரிட் கிளப்புக்குப் போனவர்கள்.

போர்ச்சுகல் லீக் கணக்கில் ஜாக்சனே முன்னால் நிற்கிறார்: 2012 முதல் 2015 வரை மூன்று சீசன்களில் 26, 20, 21 கோல்கள், மூன்றிலும் அவரே அதிக கோல் அடித்தவர். ஃபல்காவுக்கு அந்தப் பட்டம் ஒருமுறைகூடக் கிடைக்கவில்லை. 2009-10இல் 25 கோல் அடித்தும் பென்ஃபிகாவின் கார்டோசோ ஒரு கோலில் முந்தினார்.

ஐரோப்பியக் களத்தில் கதை வேறு. 2010-11 யூரோப்பா லீக்கில் ஃபல்காவ் 17 கோல். டப்ளினில் பிராகாவுக்கு எதிரான இறுதிப் போட்டியின் ஒரே கோலும் அவருடைய தலையால் வந்ததே. உயரம் சுமார் 1.77 மீட்டர்தான். தடுப்பாட்டக்காரருக்கு முன்பே எம்பிவிடுவார், அதுதான் வித்தை. ஜாக்சன் எட்டு சென்டிமீட்டர் உயரம் அதிகம். உடல் பலத்தால் பந்தைக் காத்துத் திரும்பி அடிப்பார்.

அத்லெட்டிகோவுக்காக ஃபல்காவ் 2012 ஐரோப்பிய சூப்பர் கோப்பையில் செல்சிக்கு எதிராக ஹாட்ரிக் அடித்தார். ஜாக்சன் அங்கே அரை சீசனில் லீக்கில் 2 கோலோடு, 4.2 கோடி யூரோவுக்குச் சீனாவின் குவாங்சோவுக்குப் போனார். கணுக்கால் காயம் சீனாவில் அவரை முடக்கியது.

ஃபல்காவுக்கு 2014 ஜனவரியில் முழங்கால் தசைநார் கிழிந்தது. உலகக் கோப்பை போயிற்று. ஆனாலும் 2016-17இல் மொனாக்கோ கிளப்புக்காக 21 லீக் கோல் அடித்து, பிரெஞ்சு லீக் பட்டத்தையும் வென்றார். தேர்வு செய்யச் சொன்னால் ஃபல்காவ்தான்.