சேலத்தில் பழைய பிலிம் ஸ்கேனிங்: அஸ்தம்பட்டி கடை எப்படி?

மாடர்ன் தியேட்டர்ஸ் சினிமா ஸ்டூடியோ இருந்த ஊராச்சே, பிலிம் தெரிந்த கை இன்னும் இருக்கிறது. சுருளை வாங்கியதும் முதலில் மோந்து பார்க்கிறார்கள். வினிகர் நெடி அடித்தால் பிலிமின் அடித்தளமான அசிடேட் பிளாஸ்டிக் சிதையத் தொடங்கிவிட்டது என்று அர்த்தம். பிலிம் சுருங்கி, துளைகள் பல்சக்கரத்தில் பொருந்தாமல் புரொஜெக்டரில் கிழியும். அதனால் பல்சக்கரம் இல்லாமல் உருளை மட்டுமே உள்ள ஸ்கேனரில்தான் ஏற்றுகிறார்கள். ஏற்காட்டு ஈரத்தில் பூஞ்சை பிடித்த சுருளில் தண்ணீர் படவே விடுவதில்லை. படத்தைத் தாங்கும் ஜெலட்டின் பூச்சு, பூஞ்சை தின்ற இடத்தில் கரைந்து படமே போய்விடும். துடைக்க ஐசோபுரொப்பைல் ஆல்கஹால் தொட்ட மெல்லிய துணிதான்.

சொதப்பல் வேகத்தில். சூப்பர் 8 என்ற பழைய வீட்டுப்பட பிலிம் பெரும்பாலும் வினாடிக்கு 18 பிரேம். இங்கே 25-இல் போட்டுத் தர, மாப்பிள்ளை ஊர்வலம் ஓட்டப்பந்தயமாகிறது. ரசீதிலேயே 18 என்று எழுதி வாங்குங்கள். சுருக்கப்பட்ட எம்பி4 வீடியோ கோப்பு பார்க்க மட்டும். பாதுகாக்க, தரம் அதிகம் குறையாத புரோரெஸ் கோப்பும் கேளுங்கள்.